செல்பவளும் செலுத்துபவளும்: பெயாத்ரிச்சே என்ற பெயரைப் பற்றி

1

மூன்று வருடங்களுக்கு முன் எங்கள் டீமில் ஒரு வெள்ளிக்கிழமை வழக்கம் இருந்தது. மாலை மீட்டிங்கின் கடைசிப் பத்து நிமிடம் வேலையைப் பற்றிப் பேசக்கூடாது. வாரம் ஒருவர் ஏதாவது விளையாட்டு ஏற்பாடு செய்ய வேண்டும். என் முறை வந்தபோது சோம்பேறித்தனமாக ஒன்றைத் தேர்ந்தெடுத்தேன். குழந்தைப் பெயர் வெப்சைட் ஒன்றில் எல்லோருடைய பெயரையும் தேடி, அர்த்தத்தை மட்டும் நான் வாசிப்பேன். அது யாருடைய பெயர் என்று மற்றவர்கள் கண்டுபிடிக்க வேண்டும்.

மிலானிலிருந்து எங்களோடு வேலை செய்த ஒருவரின் பெயர் பெயாத்ரிச்சே. என்னைவிட இரண்டு மூன்று வயது மூத்தவர். “மகிழ்ச்சியைத் தருபவள்” என்று வாசித்தேன். யாரும் கண்டுபிடிக்கவில்லை. நானே சொன்னேன்: “நம்ம பெயாத்ரிச்சேதான்! அதனாலதான் எப்பவும் சிரிச்ச முகமாவே இருக்காங்க.” ஆங்கிலத்தில்தான் சொன்னேன், ஆனால் வழிசல் இதே அளவுதான். எல்லோரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. “அது என் வேலை இல்லையே” என்றார்.

அந்த வாரம்தான் நான் அவசரமாக ஏற்றிய ஒரு மாற்றத்தால் புரொடக்‌ஷன் விழுந்திருந்தது. இரவு இரண்டு மணிவரை உட்கார்ந்து அதைச் சரிசெய்தவர் அவர். நன்றி சொல்ல வேண்டிய இடத்தில் நான் சிரித்த முகத்தைப் பாராட்டியிருக்கிறேன்.

திங்கட்கிழமை மன்னிப்புக் கேட்டு மெசேஜ் அனுப்பினேன். பதில் சுருக்கமாக வந்தது: “பரவாயில்லை. ஆனால் அந்த வெப்சைட் சொல்வது பாதிதான். வியாத்ரிக்ஸ் என்று தேடிப் பாருங்கள். நேரமிருந்தால் தாந்தேயையும் படியுங்கள். நாங்கள் பள்ளியில் மூன்று வருடம் படிக்கிறோம்.”

நேரமில்லை என்றாலும் படித்தேன். இத்தாலியம் எனக்கு எழுத்துக்கூட்டும் அளவுக்குத்தான் தெரியும். ஒரு பக்கம் மூலம், மறுபக்கம் ஆங்கில மொழிபெயர்ப்பு, நடுவில் ஓர் அகராதி. அப்படிப் படித்ததில் எனக்குப் பிடிபட்ட ஒன்றைத்தான் இங்கே எழுதுகிறேன். ஒரு பெயருக்கு எந்த அர்த்தத்தை எடுத்துக்கொள்கிறோம் என்பதைப் பொறுத்து, 700 வருடப் பழைய ஒரு காவியத்தின் மையத்தில் நிற்கும் பெண் வேறொருத்தியாகிவிடுகிறாள்.

2

முதலில் இலக்கணம். பெயாத்ரிச்சே என்பது லத்தீன் ‘பெயாத்ரிக்ஸ்’ என்பதன் இத்தாலிய வடிவம். நம் ஊர்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் இருக்கும் ‘பியாட்ரிஸ்’ இதே பெயரின் ஆங்கில வழி. லத்தீனில் ‘-த்ரிக்ஸ்’ என்பது ஒரு செயலைச் செய்யும் பெண்ணைக் குறிக்கும் விகுதி. நம்முடைய ‘-பவள்’ மாதிரி. ‘பெயாரே’ என்றால் மகிழ்விப்பது, பேறளிப்பது. விகுதியைச் சேர்த்தால் மகிழ்விப்பவள். அதே வினையிலிருந்து வரும் ‘பெயாத்தா’ வேறு சொல். அதற்குப் பொருள் பேறுபெற்றவள். தமிழ் பைபிளின் மலைப்பொழிவில் ‘பேறுபெற்றோர்’ என்று வருகிறதே, அந்தப் பேறு.

ஆக, பெயாத்தா பெற்றுக்கொள்பவள், பெயாத்ரிக்ஸ் கொடுப்பவள். பள்ளியில் படித்ததை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். மகிழ்பவள் தன்வினை, மகிழ்விப்பவள் பிறவினை. பிறவினைக்கு எப்போதும் இன்னொரு ஆள் தேவை. யாரை மகிழ்விப்பவள்? பெயர் வெப்சைட்டுகள் இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. எங்கள் மீட்டிங்கில் அந்த இன்னொரு ஆளாக நானே போய் உட்கார்ந்துகொண்டேன் என்பதுதான் என் தவறு.

ஆனால் பெயரின் பழைய வடிவம் பெயாத்ரிக்ஸ் இல்லை, ‘வியாத்ரிக்ஸ்’. பெயராய்வாளர்கள் பெரும்பாலும் ஏற்கும் விளக்கம் இது. ‘வியா’ என்றால் வழி, சாலை. ‘வியாத்தோர்’ வழிச்செல்பவன், ‘வியாத்ரிக்ஸ்’ வழிச்செல்பவள். வாழ்க்கையையே ஒரு பயணமாகப் பார்த்த ஆரம்பகாலக் கிறிஸ்தவர்களிடம் இந்தப் பெயர் புழங்கியது.

ரோமில் தியோக்லேஷியன் பேரரசனின் காலத்தில் கொல்லப்பட்டதாக மரபு சொல்லும் ஒரு புனிதை உண்டு. தன் சகோதரர்கள் சிம்ப்ளிசியுஸ், ஃபவுஸ்தினுஸ் இருவரின் உடல்களையும் திபேர் நதியிலிருந்து எடுத்து அடக்கம் செய்தவள். பிற்காலப் புனிதர் பட்டியல்களில் அவள் பெயர் பெயாத்ரிக்ஸ். ஆனால் ரோமிலிருந்து துறைமுகத்துக்குப் போகும் போர்த்துவென்சே சாலையை ஒட்டி, ஜெனரோசா என்ற நிலத்தடிக் கல்லறையில், 6-ஆம் நூற்றாண்டுச் சுவரோவியம் ஒன்று இருக்கிறது. அதில் அவள் வியாத்ரிக்ஸ்.

எப்படி மாறியது? பிற்கால லத்தீனில் ‘வ’ ஒலியும் ‘ப’ ஒலியும் ஒன்றோடொன்று கலந்துவிட்டன. ‘வாழ்ந்தான்’ என்று பொருள்படும் ‘விக்ஸித்’ என்ற சொல்லைக் கல்லறைக் கல்வெட்டுகளில் ‘பிக்ஸித்’ என்று வெட்டியிருக்கிறார்கள். அந்தக் குழப்பத்தில் வியாத்ரிக்ஸ் கொஞ்சம் நழுவ, பக்கத்திலேயே ‘பேறு’ என்ற சொல் காந்தம் மாதிரி நின்றது. இழுத்துக்கொண்டது.

வேலையில் நாங்கள் ஒரு கோடு வரி ஏன் இப்படி இருக்கிறது என்று புரியாதபோது அதன் பழைய வடிவங்களைத் தேடிப் போவோம். யார் எப்போது எதை மாற்றினார்கள் என்று வரிவரியாகத் தெரியும். இந்தப் பெயரில் மாறியது ஓர் எழுத்து போலத்தான் தெரிகிறது. ஆனால் சத்தமில்லாமல் இலக்கணமும் சேர்ந்து மாறிவிட்டது. தன் பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தவளை நிறுத்தி, இன்னொருவரை மகிழ்விக்கும் பொறுப்பைக் கையில் கொடுத்துவிட்டார்கள்.

3

அடுத்து, ஆள். ஃப்ளாரன்ஸில் ஃபோல்கோ போர்த்தினாரி என்றொரு வங்கியாளர் இருந்தார். 1288-இல் அவர் நிறுவிய சாந்தா மரியா நுவோவா மருத்துவமனை இன்றும் அந்த நகரில் இயங்குகிறது. அதே வருடம் ஜனவரியில் அவர் எழுதிய உயிலில், சீமோனே தெ பார்தி என்பவருக்கு மணமுடித்துக் கொடுத்த ஒரு மகளுக்கு 50 லீரா எழுதிவைத்தார். அந்த உயிலில் அவள் பெயாத்ரிச்சே இல்லை, ‘பீச்சே’. தமிழ்க் காதுக்குச் சங்கடமான ஒலிதான், பொறுத்துக்கொள்ளுங்கள். இத்தாலியில் அது செல்லச் சுருக்கம். வீட்டில் கூப்பிடுகிற பெயர்.

1290 ஜூனில் இருபத்துச் சொச்சம் வயதில் அவள் இறந்தாள். தாந்தே பாடிய பெயாத்ரிச்சே இந்த பீச்சேதான் என்று பொக்காச்சியோ தன் தாந்தே விரிவுரைகளில் சொன்னார். அந்த விரிவுரைகள் ஃப்ளாரன்ஸில் 1373-இல் தொடங்கின. அப்போது அவள் இறந்து எண்பது வருடங்களுக்கு மேலாகியிருந்தது. அவள் ஒரு பெண்ணே இல்லை, இறையியலின் உருவகம் என்று வாதிட்டவர்களும் உண்டு. பெரும்பாலான வாசகர்கள் பொக்காச்சியோவின் பக்கம்தான். அவர் எழுதிய தாந்தேயின் வாழ்க்கை வரலாற்றில் இன்னொரு தகவலும் இருக்கிறது. அந்தப் பெண்ணை எல்லோரும் பீச்சே என்றார்கள், தாந்தே மட்டும் முழுப் பெயரைச் சொன்னான்.

இந்த இடத்தில் நான் கொஞ்சம் நின்றேன். ஊரே சுருக்கமாகக் கூப்பிடும் ஒரு பெண்ணை ஒருவன் மட்டும் ஏன் முழுப் பெயரில் அழைக்க வேண்டும்? காரணம் எளிது. பீச்சேக்கு அர்த்தம் கிடையாது, பெயாத்ரிச்சேக்கு உண்டு.

அவளைப் பற்றி இளம் தாந்தே எழுதிய ‘வீத்தா நுவோவா’, அதாவது ‘புது வாழ்வு’, 1290-களின் முதல் பாதியில் உருவான நூல். முதல் சந்திப்பில் இருவருக்கும் வயது ஒன்பதை ஒட்டி. மறுபடி அவள் அவனுக்கு வணக்கம் சொல்வது ஒன்பது வருடம் கழித்து, பகலின் ஒன்பதாம் நாழிகையில். எண்ணுக்கு அர்த்தம், நிறத்துக்கு அர்த்தம், கனவுக்கு அர்த்தம். பெயருக்கு மட்டும் இல்லாமல் இருக்குமா? பெயர்கள் பொருள்களிலிருந்தே பிறக்கின்றன என்ற லத்தீன் முதுமொழியை அந்த நூலில் அவர் எடுத்தாள்கிறார். பலர் அவளை அந்தப் பெயரால் அழைத்தார்கள், ஆனால் என்ன சொல்லி அழைக்கிறோம் என்பதை அறியாமல் அழைத்தார்கள் என்று தொடக்கத்திலேயே குறிப்பிடுகிறார். எனக்கு மட்டும்தான் தெரியும் என்ற தொனி அதில் இருக்கிறது.

அவளுடைய வணக்கத்தில்தான் தன் பேறு அடங்கியிருக்கிறது என்று தாந்தே சொல்கிறார். இத்தாலியத்தில் ‘சலூத்தே’ என்ற ஒரே சொல் வணக்கத்தையும் குறிக்கும், ஈடேற்றத்தையும் குறிக்கும். அந்த இரட்டைப் பொருளின் மேல்தான் அவருடைய மகிழ்ச்சி முழுவதும் நிற்கிறது. ஒரு நாள், வேறு பெண்களைப் பற்றிய வதந்தியைக் கேட்டு, அவள் வணக்கம் சொல்லாமல் போகிறாள். தாந்தே அறைக்குள் போய் அழுகிறார்.

முழு நூலிலும் அவள் நேரடியாகப் பேசும் ஒரு வாக்கியம்கூட இல்லை. வருகிறாள், தலையசைக்கிறாள், தலையசைக்காமல் போகிறாள், இறக்கிறாள். மகிழ்விப்பவள் என்ற பெயருக்கு ஏற்ற வேலை அது. அழகான நூல்தான், மறுக்கவில்லை. ஆனால் மீட்டிங்கில் நான் செய்த அசட்டுத்தனத்தின் மகத்தான வடிவம் அதில் இருக்கிறது என்று எனக்குத் தோன்றியது. வெப்சைட்டுக்கும் எனக்கும் முன்னோடி தாந்தேதான்.

4

அவள் இறந்து பன்னிரண்டு வருடம் கழித்து, 1302-இல், தாந்தேயை அவருடைய ஊர் துரத்தியது. திரும்பி வந்தால் மரண தண்டனை என்ற தீர்ப்போடு. 1321-இல் ராவென்னாவில் இறக்கும்வரை அவர் ஃப்ளாரன்ஸுக்குத் திரும்பவில்லை. ‘கொம்மேதியா’, நாம் ‘டிவைன் காமெடி’ என்று அறிந்த காவியம், அந்த அலைச்சலின் காலத்தில் உருவானது. அதன் முதல் மூன்று வரிகளுக்குள்ளேயே ‘வியா’ என்ற சொல் வந்துவிடுகிறது. தொலைந்துபோன வழி. வழி தொலைத்தவனுக்குத் தேவை மகிழ்விப்பவளா, வழி தெரிந்தவளா?

இரண்டாம் காண்டத்தில் தாந்தே பயந்து பின்வாங்குகிறார். தன்னை யார் அனுப்பியது என்று விர்ஜில் விளக்குகிறார். லிம்போவில் இருந்த தன்னை ஒரு பெண் கூப்பிட்டாள் என்கிறார். 53-ஆம் வரியில் அவளுக்கு அவர் தரும் அடைமொழி ‘பெயாத்தா’, பேறுபெற்றவள். அவள் பெயர் இன்னும் வரவில்லை. பதினேழு வரிகள் தள்ளி, 70-ஆம் வரியில், அவளே தன் பெயரைச் சொல்கிறாள். காவியத்தில் அந்தப் பெயர் முதன்முதலாக வரும் இடம் அதுதான். பெயரைச் சொன்ன அதே மூச்சில், உன்னைப் போகச் செய்பவள் நான் என்கிறாள். அடுத்த வரியில், தான் ஓரிடத்திலிருந்து வந்திருப்பதாகவும் அங்கேயே திரும்பிப்போக விரும்புவதாகவும் சொல்கிறாள்.

அகராதியோடு உட்கார்ந்து இந்த வரிகளைக் கூட்டிக்கூட்டிப் படித்தபோது எனக்குச் சிலிர்த்தது. பேறுபெற்றவள் என்ற பொருள் பதினேழு வரிக்கு முன்னாலேயே விர்ஜிலின் வாயால் சொல்லப்பட்டுவிட்டது. அவள் தன் வாயால் பெயரைச் சொல்லும்போது அதன் பக்கத்தில் வைப்பது வேறு வினைகளை: போகச் செய்வது, வருவது, திரும்புவது. செல்பவள் இங்கே செலுத்துபவளும் ஆகிறாள். இதுவும் பிறவினைதான், ஆனால் மகிழ்விப்பதன் பிறவினை இல்லை. தானே நடந்தவள் இன்னொருவரை நடக்கவைக்கிறாள்.

தாந்தேக்கு வியாத்ரிக்ஸ் என்ற பழைய வடிவம் தெரிந்திருக்க வேண்டும் என்பது என் வாதமில்லை. தெரிந்திருக்க அவசியமே இல்லை. நல்ல கவிதையில் ஒரு சொல் தான் மறந்துபோன வேலையையும் செய்யும். ஒலி மாறி, எழுத்து மாறி, அர்த்தம் மாறிய பிறகும், அந்தப் பெயரை ஒரு பயணக் கதைக்குள் கொண்டுவந்து வைத்ததும் அது நடக்கத் தொடங்குகிறது.

5

வெப்சைட்டின் அர்த்தத்தை முழுசாக உடைக்கும் இடம் நடுக் காண்டங்களில் இருக்கிறது. உத்தரிக்கிற ஸ்தலத்தின் மலையுச்சி, முப்பதாம் காண்டம். பத்து வருடங்களாகக் காத்திருந்த சந்திப்பு. பூமாரிக்கு நடுவே வெள்ளை முகத்திரையும் பச்சை மேலங்கியும் நெருப்பு நிற உடையுமாக அவள் வருகிறாள். சினிமாவில் என்றால் இங்கே வயலின் ஒலிக்கும்.

நடப்பது வேறு. திரும்பிப் பார்த்தால் விர்ஜில் இல்லை. தாந்தே அழுகிறார். அவள் பேசும் முதல் சொல் ‘தாந்தே’. காவியம் முழுவதிலும் அவர் பெயர் வருவது இந்த ஒரே இடத்தில்தான். பெயர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டு, விர்ஜிலுக்காக இப்போதே அழுதுவிடாதே, அழுவதற்கு இனிமேல்தான் காரணம் இருக்கிறது என்கிறாள். அப்போது அவளுக்குக் கவிஞர் தரும் உவமை என்ன தெரியுமா? தேவதை இல்லை, மலர் இல்லை. கப்பலின் முன்னும் பின்னும் நடந்து, தன் ஆட்கள் ஒழுங்காக வேலை செய்கிறார்களா என்று பார்க்கும் கடற்படைத் தலைவன்.

பிறகு தன் பெயரைத் தானே உறுதிப்படுத்துகிறாள். நன்றாகப் பார், நான்தான், பெயாத்ரிச்சேதான் என்கிற தொனி. இரண்டே வரி தள்ளி ஒரு கேலி: இந்த மலைக்கு வர எப்படி மனசு வந்தது, இங்கே மனிதர்கள் மகிழ்ச்சியாக இருப்பார்கள் என்று உனக்குத் தெரியாதா? மகிழ்ச்சி என்ற சொல் அவள் பெயருக்கு மிக அருகில் வரும் இந்த இடத்தில் அது குத்தலாக வருகிறது. தாந்தே தலைகுனிகிறார். ஓடைத் தண்ணீரில் தன் முகம் தெரிய, அதைப் பார்க்க முடியாமல் கண்ணைப் புல்லின் பக்கம் திருப்புகிறார்.

குற்றச்சாட்டு என்ன? நான் இறந்த பிறகு இவன் உண்மையில்லாத ஒரு வழியில் காலடி எடுத்து வைத்தான் என்கிறாள். மறுபடியும் அதே ‘வியா’. அவள் பிரிந்ததால் அவன் துக்கப்பட்டது அவளுக்குப் பிரச்சினை இல்லை. அவன் வழி மாறியதுதான் பிரச்சினை.

‘வீத்தா நுவோவா’வில் ஒரு வாக்கியம்கூடப் பேசாத பெண் இங்கே நிறுத்தாமல் பேசுகிறாள். இளமையிலிருந்தே அவளைப் பற்றி எழுதிக் குவித்தவன் முன்னால் வாயடைத்து நிற்கிறான். தாந்தே தன் இளமைக்கால நூலுக்குத் தானே எழுதிக்கொண்ட விமர்சனமாகத்தான் இந்தக் காண்டத்தை நான் வாசிக்கிறேன். அந்த விமர்சனத்தை எழுத அவர் தேர்ந்தெடுத்த குரல் அவளுடையது. எங்கள் மீட்டிங்கில் கேட்ட அந்த ஒற்றை வரிதான் எனக்கு இங்கே மறுபடி கேட்டது: அது என் வேலை இல்லையே.

6

பெயர்களைப் பற்றிய தாந்தேயின் எண்ணமும் இடையில் மாறியிருக்கிறது. உத்தரிக்கிற ஸ்தலத்தின் பதின்மூன்றாம் காண்டத்தில் சியெனா ஊர்ப் பெண் ஒருத்தி வருகிறாள். பெயர் ‘சபீயா’. அறிவுள்ளவள் என்பதற்கான சொல்லோடு ஒட்டி ஒலிக்கும் பெயர். பெயர்தான் அப்படி, நான் அப்படி இல்லை என்று அவளே சொல்லிவிடுகிறாள். அடுத்தவர் கெடும்போது தன் அதிர்ஷ்டத்தைவிட அதிகமாக மகிழ்ந்தவள் அவள். பெயர்கள் பொருள்களிலிருந்தே பிறக்கின்றன என்ற இளமைக்கால நம்பிக்கைக்கு அவள் ஒரு சாட்சியாகவே எதிரில் நிற்கிறாள்.

சொர்க்கத்தின் பன்னிரண்டாம் காண்டத்தில் புனித தோமினிக்கின் பெற்றோரைப் பற்றிய பேச்சு வருகிறது. தகப்பன் பெயர் ஃபெலீச்சே, மகிழ்ச்சியானவன். பெயருக்கேற்ற ஆள் என்று கவிதை பாராட்டுகிறது. தாய் ஜியோவான்னாவும் அப்படித்தான் என்று சொல்லிவிட்டு ஒரு நிபந்தனை சேர்க்கிறது: அந்தப் பெயருக்குச் சொல்லப்படும் அர்த்தம் சரியாக இருக்குமானால். ஒரே ஒரு ‘ஆனால்’. கோடு எழுதுகிறவனுக்கு ‘இஃப்’ எவ்வளவு முக்கியம் என்று தெரியும். இளம் தாந்தேயிடம் இந்த இஃப் இல்லை.

பெயாத்ரிச்சே என்ற பெயரை வைத்துக்கொண்டு யாரும் எதையும் உறுதியாகச் சொல்ல முடியாது என்பதற்கு இத்தாலிய வரலாறே உதாரணம் தருகிறது. 1599 செப்டம்பர் 11 அன்று ரோமில் சாந்த் ஆஞ்சலோ பாலத்தருகே இருபத்திரண்டு வயது பெயாத்ரிச்சே சென்சியின் தலையை வெட்டினார்கள். கொடுமைக்காரத் தகப்பனைக் கொன்ற வழக்கு. 1819-இல் ஷெல்லி அவளை வைத்து நாடகம் எழுதினார். வீட்டுக்குள் அடைத்து வைக்கப்பட்ட, வெளியேற வழி இல்லாமல் போன ஒரு பெண்ணுக்கும் இதே பெயர்தான். மகிழ்விப்பவள் என்ற பொருளும் அவளைக் காப்பாற்றவில்லை, வழிச்செல்பவள் என்ற பொருளும் காப்பாற்றவில்லை. சமீப வருடங்களிலும் இத்தாலியில் பெண் குழந்தைகளுக்கு அதிகம் வைக்கும் பெயர்களில் இது இருக்கிறது. ஒவ்வொரு தொட்டிலிலும் அந்த ‘ஆனால்’ கூடவே படுத்திருக்கிறது.

7

கடைசிக் காட்சிக்கு வருகிறேன். சொர்க்கத்தின் முப்பத்தொன்றாம் காண்டம். தாந்தே ஏதோ கேட்கத் திரும்புகிறார். பக்கத்தில் பெயாத்ரிச்சே இல்லை. ஒரு முதியவர் நிற்கிறார், புனித பெர்னார்த். அவள் எங்கே என்று கேட்டால், மேலே பார் என்கிறார். எட்டாத உயரத்தில், தனக்குரிய இருக்கையில் அவள் இருக்கிறாள். தாந்தே அங்கிருந்தே அவளிடம் பேசுகிறார். அவள் ஒருமுறை பார்த்து, புன்னகைத்து, பிறகு நித்திய ஊற்றின் பக்கம் திரும்பிக்கொள்கிறாள். அவ்வளவுதான்.

போர்ஹெஸ் இந்தப் புன்னகையைப் பற்றி ஒரு கட்டுரை எழுதியிருக்கிறார். அவருடைய தாந்தே கட்டுரைகள் 1982-இல் நூலாக வந்தன. மீட்க முடியாத பெயாத்ரிச்சேயோடு சில சந்திப்புகளை நுழைப்பதற்காகவே தாந்தே இவ்வளவு பெரிய காவியத்தைக் கட்டினார் என்பது அவர் ஊகம். அதனால் இந்தப் பிரிவு அவருக்குத் தாங்க முடியாத சோகம். கனவில்கூட அவள் திரும்பிக்கொண்டாள்! ‘அலெஃப்’ கதையில் இறந்துபோன காதலிக்கு பெயாத்ரிஸ் என்று பெயர் வைத்தவரல்லவா, அவருக்கு அப்படித்தான் தோன்றும். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் வாசித்தேன். அந்த வாசிப்பில் இருக்கும் தனிமை உண்மையானது.

ஆனால் வியாத்ரிக்ஸ் என்ற சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு திரும்பப் போங்கள். நரகத்தின் வாசலுக்கு முன்பே, முதல் அறிமுகத்திலேயே அவள் சொன்னது என்ன? திரும்பிப்போக விரும்பும் இடத்திலிருந்து வந்திருக்கிறேன் என்றாள். இப்போது போய்ச் சேர்ந்துவிட்டாள். மேலிருந்து லிம்போவுக்கு இறங்கி, பின் மலையுச்சிக்கு வந்து, கோள்களைக் கடந்து மறுபடி மேலே. நாம் தாந்தேயின் பயணம் என்று நினைத்துக்கொண்டிருந்த கதைக்கு உள்ளே அவளுடைய பயணம் ஒன்று முழுதாக நடந்து முடிந்திருக்கிறது. போர்ஹெஸுக்கு அது கைவிடல், எனக்கு அது ஒருத்தி வீடு திரும்புவது. துயரம் நம்முடையது, அவளுடையதில்லை.

தாந்தேக்கே இது தெரிந்திருக்கிறது என்பதற்கு அவருடைய கடைசிப் பேச்சில் மூன்று தடயங்கள் உண்டு. ஒன்று, என் நலனுக்காக நரகத்தில் உன் காலடித் தடங்களைப் பதித்தாய் என்று நன்றி சொல்கிறார். கண்ணையும் புன்னகையையும் பாடிப் பாடி வந்தவர் கடைசியில் அவள் பாதங்களை நினைக்கிறார். இரண்டு, அவள் தனக்குத் தந்ததாக அவர் சொல்வது மகிழ்ச்சி இல்லை. அடிமையாக இருந்த என்னை விடுதலைக்கு இழுத்து வந்தாய் என்கிறார். மூன்று, அதுவரை அவளிடம் ‘நீங்கள்’ என்று பேசி வந்தவர் இந்தப் பேச்சில் ‘நீ’ என்கிறார். மொழிபெயர்ப்பில் ஆங்கிலம் இதைத் தவறவிடும். தமிழுக்கு அந்தச் சிக்கல் இல்லை. நீங்களிலிருந்து நீக்கு வருவது எவ்வளவு தூரம் என்று நமக்குத் தெரியும். அவளை மேடையிலிருந்து இறக்கி, கூட நடந்த ஆளாக அவர் பார்த்தது அந்த நொடியில்தான் என்று எனக்குப் படுகிறது. அதற்குள் அவள் போய்விட்டாள்.

இதில் எனக்கு ஒரு குறை மிச்சமிருக்கிறது, அதையும் சொல்லிவிட வேண்டும். பேசுபவள், திட்டுபவள், நடப்பவள், வீடு திரும்புபவள் எல்லாமே தாந்தே எழுதிய பெயாத்ரிச்சே. 50 லீரா பெற்ற பீச்சே தன்னைப் பற்றி என்ன நினைத்தாள் என்பது எங்கும் பதிவாகவில்லை. சொர்க்கத்தின் ஏழாம் காண்டத்தில், ‘பெ’ என்ற எழுத்தும் ‘இச்சே’ என்ற எழுத்தும் காதில் விழுந்தாலே தன்னை ஆட்கொள்ளும் பணிவைப் பற்றி அவர் சொல்கிறார். பெயரின் முதலையும் கடைசியையும் பிய்த்து எடுத்துச் சேர்த்தால் வீட்டுப் பெயர் தட்டுப்படுகிறது. காவியத்துக்குள் பீச்சேக்குக் கிடைத்த இடம் அந்த இரண்டு துண்டுகள்தான்.

8

இதையெல்லாம் முடித்தபோது என் தோழி எங்கள் கம்பெனியைவிட்டு வேறு வேலைக்குப் போயிருந்தார். நீளமாக ஒரு மெயில் எழுதினேன். வியாத்ரிக்ஸ், காலடித் தடங்கள், நீங்கள், நீ எல்லாவற்றையும். பெரிய கண்டுபிடிப்பைச் செய்துவிட்ட தோரணை எனக்கு. உங்கள் பெயருக்கு ‘வழிச்செல்பவள்’ என்பதுதான் பொருத்தம், பாருங்கள் நீங்களே வேலை மாறிப் போய்விட்டீர்கள் என்று கடைசியில் ஒரு வரி வேறு.

ஒரு வாரம் கழித்துப் பதில் வந்தது. கட்டுரை பிடித்திருக்கிறதாம். முப்பத்தொன்றாம் காண்டத்தை அப்படிப் பள்ளியில் யாரும் சொல்லித் தரவில்லையாம். பிறகு இப்படி எழுதியிருந்தார்: “எனக்கு இந்தப் பெயரை வைத்தது என் பாட்டியின் நினைவாக. அவரை எல்லோரும் பீச்சே என்றுதான் கூப்பிடுவார்கள். தன் ஊரைவிட்டு அவர் எங்கும் போனதில்லை, ரயில் என்றாலே பயம். யாரையும் மகிழ்விக்கவும் மெனக்கெட்டதில்லை, ரொம்பக் கோபக்காரர். சீட்டாட்டத்தில் மட்டும் ஏமாற்றுவார். எனக்கு அவரை அவ்வளவு பிடிக்கும்.”

படித்துவிட்டு என் மெயிலை மறுபடி திறந்து பார்த்தேன். ஓர் அர்த்தத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இன்னோர் அர்த்தத்தை மாட்டிவிட முயன்றிருக்கிறேன். முதலாவது சோம்பேறித்தனத்தில் செய்தது, இரண்டாவது உழைத்துச் செய்தது, அவ்வளவுதான் வித்தியாசம். தாந்தேயின் அந்த ‘ஆனால்’ எனக்கு இன்னும் கைவரவில்லை.

பதிலுக்கு ஒரே ஒரு கேள்விதான் கேட்டேன்: பாட்டி என்ன சீட்டு விளையாடுவார்?